மூக்கின் மேல் விரல்



தமிழில் வந்த முதல் பேசும் படம் எது என்று கேட்டால் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகூட ‘காளிதாஸ்’ என்று சொல்லிவிடும். 1931-ம் வருஷம் அக்டோபர் 31-ந் தேதி சென்னையில் வெளியானது என்பதும் பொது அறிவுப் புத்தகங்களில் இருக்கிறது. ஆனால் அந்தப் படத்தில் முதன்முதலாகத் தமிழில் வாய் திறந்து பேசிய கதாநாயகி யார், அவள் எங்கே பிறந்தாள், எப்படிப் பிழைத்தாள், சம்பாதித்த காசு என்ன ஆயிற்று என்று கேட்டுப் பாருங்கள். பத்துப் பேரில் ஒருத்தர் சொன்னால் அதிகம்!

அவர் பெயர் டி.பி. ராஜலக்ஷ்மி. ‘சினிமா ராணி’ என்று அந்தக் காலத்து ஜனங்கள் பட்டம் கொடுத்துக் கொண்டாடிய பெண்மணி.

“என்னம்மா இது, வழக்கமாகத் திராட்சைத் தோட்டத்தையும் கஷாயத்தையும் பிள்ளை வளர்ப்பையும் பற்றி எழுதுகிறவள், இந்த முறை சினிமாவுக்குப் போய்விட்டாயே?” என்று கேட்பீர்கள். காரணம் இருக்கிறது. எங்கள் ஓடைப்பட்டியிலேயே இருக்கிறது. கொஞ்சம் பொறுங்கள், சொல்கிறேன்.

விளையாடுகிற வயசில் கல்யாணம்

டி என்றால் திருவையாறு, பி என்றால் பஞ்சாபகேசன். ஊர் பெயரும் அப்பா பெயரும்தான் அந்த இரண்டு எழுத்து. 1911-ம் வருஷம் நவம்பர் 11-ந் தேதி பிறந்தவர். ஆசாரமான அய்யர் வீடு. ஏழெட்டு வயசில், பல்லாங்குழி ஆடுகிற பருவத்தில், கல்யாணம் பண்ணி வைத்துவிட்டார்கள். பெண்ணுக்குப் பதினாலு வயசாவது ஆகவேண்டும் என்று சொன்ன சாரதா சட்டம் வந்தது 1929-ல்தான். அதற்கு முன்னால் கேட்பார் யார்?

அந்தக் கல்யாணமும் நிலைக்கவில்லை. சீர் போதவில்லை என்ற குறையில் புகுந்த வீடு அவரைத் திருப்பி அனுப்பிவிட்டது. கொஞ்ச காலத்தில் அப்பாவும் கண்ணை மூடிவிட்டார். தாயும் பிள்ளைகளும் திருச்சிக்கு வந்து சேர்ந்தார்கள். வீட்டில் சம்பாதிக்க ஆள் இல்லை. “வாழாவெட்டி” என்று ஒரு சொல் இருக்கிறதே, அது அந்தச் சின்னப் பெண்ணின் தலையில் ஏறி உட்கார்ந்துவிட்டது.

அவரிடம் இருந்த ஒரே சொத்து குரல். ஒரு தரம் கேட்ட பாட்டைத் திருப்பிப் பாடிவிடுகிற ஞாபகம். அதை வைத்துக்கொண்டு சாமண்ணா ஐயர் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். உறவுக்காரர்கள் மூக்கின் மேல் விரல் வைத்தார்கள். ஆனால் மூக்கின் மேல் விரல் வைத்த யாரும் அரிசி வாங்கிப் போடவில்லை என்பதையும் நாம் கவனிக்க வேண்டும், இல்லையா?

பெண் வேஷம் கட்டிய ஆண்கள்

அந்தக் காலத்து மேடையைப் பற்றி ஒரு வார்த்தை. நாடகக் கம்பெனிகளில் பெண் வேஷம் போட்டவர்களில் பெரும்பாலோர் ஆண்கள்தான். சீதையும் சந்திரமதியும் மீசை முளைக்காத பையன்கள்! ‘பாய்ஸ் கம்பெனி’ என்றே பெயர். மேடையில் பெண் ஏறுவது குடும்பத்துக்கு அடுக்காது என்று எண்ணம்.

சினிமாவிலும் அதே கதைதான். 1913-ல் தாதாசாகேப் பால்கே ‘ராஜா ஹரிச்சந்திரா’ எடுத்தபோது, தாராமதியாக நடிக்க ஒரு பெண்ணும் கிடைக்காமல், ஓட்டலில் சமையல் வேலை பார்த்த சாலுங்கே என்ற ஆணுக்குப் புடவை கட்டிவிட்டார். அதே வருஷம் அடுத்த படமான ‘மோகினி பஸ்மாசுர’னில்தான் துர்காபாய் காமத் என்ற தாயும் கமலாபாய் என்ற அவர் மகளும் துணிந்து நடித்தார்கள்.

இது நம் நாட்டில் மட்டும் இருந்த சங்கதி என்று நினைக்காதீர்கள். கிழக்கே கொரியாவிலும் பெண் வேஷத்துக்கு ஆண்கள்தான் இருந்தார்கள். 1923-ல் வந்த ஒரு மௌனப் படத்தில் நாடகத்திலிருந்து வந்த லீ வோல் ஹ்வா என்ற பெண் நடித்தார். அவரைத்தான் அந்த நாட்டின் முதல் சினிமா நடிகை என்கிறார்கள். அந்தப் படம் எதற்காக எடுத்தார்கள் தெரியுமா? அப்போது கொரியாவை ஆண்ட ஜப்பான் சர்க்கார், ஜனங்களைப் பணம் சேமிக்கச் சொல்லிப் பிரசாரம் பண்ணுவதற்காக! பத்து வருஷம் கழித்து, 1933-ல், இளம் வயசிலேயே அந்த நடிகை இறந்து போனார்.

நம் பக்கத்திலேயே இன்னும் கொடுமை நடந்தது. மலைக்கு அந்தப் பக்கம் திருவிதாங்கூரில், 1930-ஐ ஒட்டி, ஜே.சி. டேனியல் ‘விகதகுமாரன்’ என்று மலையாளத்தின் முதல் படத்தை எடுத்தார். கதாநாயகி பி.கே. ரோஸி. ஒடுக்கப்பட்ட சாதியில் பிறந்த ஏழைப் பெண். அவர் உயர்சாதிப் பெண்ணாக நடித்ததைப் பொறுக்காத கூட்டம் கொட்டகையில் கலாட்டா பண்ணி, பிறகு அவரை ஊரைவிட்டே விரட்டியது. தமிழ்நாட்டுப் பக்கம் தப்பி வந்து, ஒரு லாரி டிரைவரைக் கல்யாணம் பண்ணிக்கொண்டு, தான் நடிகை என்பதையே வெளியில் சொல்லாமல் வாழ்ந்து முடித்தார். ஒரே ஒரு படம். அதுதான் அவருடைய மொத்தத் தொழில்!

ராஜலக்ஷ்மிக்கு அந்தக் கதி வராமல் காப்பாற்றியது எது? ஜாதியும் ஒரு காரணம் என்பதை மறைக்கக் கூடாது. மேடையில் வளர்ந்த துணிச்சலும், கூட்டத்தைக் கட்டிப்போடும் குரலும் மற்றக் காரணங்கள்.

பேச்சு வந்த வருஷம்

மௌனப் படங்களிலும் ராஜலக்ஷ்மி நடித்திருந்தார். பிறகு பேச்சு வந்தது. 1931 மார்ச் மாதம் பம்பாயில் ஆர்தேஷிர் இரானியின் இம்பீரியல் கம்பெனி ‘ஆலம் ஆரா’வை வெளியிட்டது. அதே கம்பெனிதான் அதே வருஷம் எச்.எம். ரெட்டியை டைரக்டராக வைத்து ‘காளிதா’ஸை எடுத்தது. ராஜகுமாரியாக ராஜலக்ஷ்மி. அவருக்கு வயசு இருபதுகூட நிரம்பவில்லை.

வேடிக்கை என்ன தெரியுமா? கதாநாயகன் பி.ஜி. வெங்கடேசன் தெலுங்கில் பேசுவார், ராஜலக்ஷ்மி தமிழில் பதில் சொல்லுவார். படத்தில் இரண்டு பாஷையும் கலந்தே வரும். ஜனங்களுக்கு அது ஒரு குறையாகவே படவில்லை. திரையில் நிழல் பேசுகிறதே, அதுவே அதிசயம்! கதை காளிதாசனைப் பற்றியதுதான் என்றாலும், நடுவில் தியாகராஜ கீர்த்தனையும் வந்தது, காந்திஜியின் ராட்டையைப் பற்றி மதுரை பாஸ்கரதாஸ் எழுதிய பாட்டும் வந்தது.

படப் பெட்டி ரயிலில் சென்னைக்கு வந்தபோது, சென்ட்ரல் ஸ்டேஷனிலிருந்து வால்டாக்ஸ் ரோட்டில் இருந்த கினிமா சென்ட்ரல் வரைக்கும் ஜனங்கள் பூத்தூவி, தேங்காய் உடைத்து, ஊர்வலமாகக் கொண்டு போனார்களாம். அந்தத் தியேட்டர்தான் பிற்பாடு முருகன் டாக்கீஸ் ஆயிற்று.

அந்த நாளில் பின்னணி பாடுவது கிடையாது. ‘ஆலம் ஆரா’ எடுத்தபோது ஸ்டூடியோ பக்கத்தில் ரயில் ஓடுகிற சத்தம் விழுகிறது என்று பெரும்பாலும் நடு ராத்திரிக்கு மேல்தான் படம் பிடித்தார்கள். எங்காவது மறைத்து வைத்த மைக்குக்குக் கேட்கும்படி நடித்துக்கொண்டே பாட வேண்டும். சுருதி விலகினால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதுதான். மைக் இல்லாத நாடகக் கொட்டகையில், கடைசி வரிசைத் தரை டிக்கெட்காரருக்கும் கேட்கிற மாதிரி பாடிப் பழகிய தொண்டை இருந்ததால்தான் ராஜலக்ஷ்மி நின்றார். பத்து வயசிலிருந்து பட்ட பாடு இருபது வயசில் சோறு போட்டது.

எங்கள் தெருவில் நடந்தது

இப்போது எங்கள் ஊர்க் கதைக்கு வருகிறேன்.

எனக்கு நாலு வீடு தள்ளி ஒரு பெரியாத்தா. எண்பது வயசுக்கு மேல். இன்றைக்கும் தோட்டத்துக்கு வந்து திராட்சைக் குலையில் பழுதுபட்ட பழத்தைக் கத்தரிப்பதில் அவளை மிஞ்ச ஆள் கிடையாது. அவள் பேத்தி காலேஜில் படிக்கிறாள். காலேஜ் நாடகத்தில் நன்றாக நடித்தாள் என்று, பத்து நாள் நாடகப் பயிற்சி முகாமுக்கு மதுரைக்கு அழைத்திருக்கிறார்கள். வீட்டில் ரகளை. ஒரு நாள் சாயங்காலம் பெரியாத்தா நேராக என் வீட்டுத் திண்ணைக்கு வந்துவிட்டாள்.

“ஏத்தா, நீயாச்சும் அவளுக்குப் புத்தி சொல்லக் கூடாதா? நம்ம வகையில எவளாச்சும் மேடை ஏறுனதுண்டா? நாடகக்காரின்னு பேரு வாங்கிட்டா நாளைக்கு எவன் பொண்ணு கேட்டு வருவான்?”

“பெரியாத்தா, கோயில் திருவிழாவுல வள்ளி திருமணம் போட்டா முதல் வரிசையில பாய் விரிச்சு விடிய விடியப் பாக்குறது யாரு?” என்றேன்.

“நான்தேன். அதுக்கென்ன?”

“வள்ளியா வந்த பொண்ணு தர்க்கம் பண்றப்போ கண்ணுல தண்ணி விட்டு, முந்தானையில முடிஞ்சு வச்ச ரூபாயைக் குடுத்தனுப்புனது யாரு?”

“அதுவும் நான்தேன். அது வேற, இது வேற.”

“என்ன வேற?”

பெரியாத்தா வெற்றிலையை ஒரு கன்னத்திலிருந்து மறு கன்னத்துக்கு மாற்றிக்கொண்டு சொன்னாள்: “அவ ஊரான் வீட்டுப் பொண்ணு, தாயி.”

சகோதரிகளே, அந்த ஒரு வார்த்தை எனக்குள் தைத்துவிட்டது. பெரியாத்தா கெட்டவள் இல்லை. மனசில் உள்ளதை ஒளிக்காமல் சொன்னாள், அவ்வளவுதான். நம் பக்கத்துத் திருவிழாக்களில் ஸ்பெஷல் நாடகம் இன்றும் நடக்கிறது. ஸ்திரீபார்ட் போடும் பெண்கள் பிள்ளையைத் தாயிடம் விட்டுவிட்டு, ராத்திரி பஸ் பிடித்து வந்து, விடிய விடியப் பாடிவிட்டு, காலைக் கருக்கலில் முக்காடு போட்டுக்கொண்டு திரும்பிப் போகிறார்கள். அவர்கள் பாட்டு வேண்டும், பேர் மட்டும் ஒட்டக் கூடாது. கலை நமக்கு, களங்கம் ஊரான் வீட்டுப் பெண்ணுக்கு! இது என்ன நியாயம்?

நான் பெரியாத்தாவிடம் வாதாடவில்லை. ராஜலக்ஷ்மியின் கதையைச் சொன்னேன். 1933-ல் ‘வள்ளி திருமணம்’ சினிமாவாக வந்தபோது வள்ளியாக நடித்தது அவர்தான். டூரிங் சினிமாவுக்கு வழிகாட்டியான கோயம்புத்தூர் சாமிக்கண்ணு வின்சென்ட், கல்கத்தா பயனியர் கம்பெனியோடு சேர்ந்து எடுத்த படம். சக்கைப் போடு போட்டது. அதில் கூட நடித்த டி.வி. சுந்தரத்தைத்தான் ராஜலக்ஷ்மி பிறகு கல்யாணம் செய்துகொண்டார். “சின்ன வயசுலயே வீட்டுக்குத் திருப்பி அனுப்பின பொண்ணு, பெரியாத்தா. தன் காசுல வீடு கட்டி, தனக்குப் பிடிச்சவரைக் கட்டிக்கிட்டா” என்றேன்.

பெரியாத்தா ரொம்ப நேரம் பேசவில்லை. எழுந்து போகும்போது, “அவ ஆத்தாளையும் கூடப் போகச் சொல்லு” என்றாள். பெண் தாயோடு போய்ப் பத்து நாள் இருந்துவிட்டு வந்தாள். பெரியாத்தா என்மேல் இன்னும் கோபமாகத்தான் இருக்கிறாள். தினம் வருகிற மோர் செம்பு வரவில்லை. வரும், வராமல் எங்கே போகும்!

நாவல் எழுதினார், படமும் எடுத்தார்

பெரியாத்தாவிடம் சொல்ல நேரமில்லாத மீதிக் கதையை உங்களுக்குச் சொல்கிறேன்.

நடிகை என்றால் சொல்லிக் கொடுத்ததைச் சொல்கிறவள் என்று இருந்த காலத்தில், ராஜலக்ஷ்மி ‘கமலவல்லி’ என்று ஒரு நாவல் எழுதினார். அதையே 1936-ல் ‘மிஸ் கமலா’ என்று படமாக எடுத்தார். ஸ்ரீ ராஜம் டாக்கீஸ் என்று சொந்தக் கம்பெனி. கதை அவர், டைரக்‌ஷன் அவர், கதாநாயகியும் அவர். தென்னிந்தியாவின் முதல் பெண் டைரக்டர் என்று சரித்திரத்தில் இடம் பிடித்தார். மகளுக்கும் கமலா என்றே பெயர்.

இதை ஒப்பிட்டுப் பாருங்கள். முன்னே சொன்ன கொரியாவில் முதல் பெண் டைரக்டர் பார்க் நாம் ஓக். அவர் ‘விதவை’ என்ற படத்தை எடுத்தது 1955-ல். கைக்குழந்தையை முதுகில் கட்டிக்கொண்டு, வேலைக்காரர்களுக்குத் தானே சமைத்துப் போட்டு, படம் பிடித்தாராம். அதற்குப் பத்தொன்பது வருஷம் முன்னாலேயே நம் திருவையாற்றுப் பெண் அந்த வேலையைச் செய்துவிட்டார்! இரண்டு பேரும் செய்ததை ஒரு பக்கம் வையுங்கள், பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நாம் செய்கிற வேலையை ஒரு பக்கம் வையுங்கள். அவர்கள் நம்மைப் போன்ற பெண்கள்தான் என்பது விளங்கும்.

அந்த நாளில் நடிகைகள் சம்பாதிக்கவில்லை என்று நினைக்காதீர்கள். 1935-ல் ‘பக்த நந்தனா’ரில் நடிக்க கே.பி. சுந்தராம்பாளுக்கு ஒரு லட்ச ரூபாய் கொடுத்தார்கள். ஊரே வாயைப் பிளந்தது. அவரே பிற்பாடு சட்ட மேலவைக்கும் போனார். ரயிலில் பாடிப் பிழைத்த ஏழைப் பெண் என்று அவரைப் பற்றிச் சொல்வார்கள்.

ராஜலக்ஷ்மிக்குப் பணம் வந்தது, புகழ் வந்தது. ஆனால் சொந்தப் படம் எடுப்பது சூதாட்டம் மாதிரி. அதிலும் தேசபக்தியைப் புகுத்தியதால் வெள்ளைக்கார சர்க்காரின் கத்தரிக்கோலுக்கும் சிக்கினார். சேர்த்த சொத்தில் பெரும் பகுதி படத்திலேயே கரைந்தது. 1938-ல் ‘நந்தகுமா’ரில் யசோதையாக நடித்தார். அந்தப் படத்தில்தான் தமிழில் பின்னணி பாடும் வழக்கம் தலைகாட்டியது. அதற்குப் பிறகு பாடத் தெரியாதவர்களும் நடிக்கலாம் என்று ஆயிற்று. பாடி நடித்தவர்களின் காலம் மெல்லச் சாய்ந்தது. 1964-ம் வருஷம் ஆகஸ்ட் 20-ந் தேதி காலமானார். ஐம்பத்திரண்டு வயசுதான்.

தொட்டிலில் போட்ட இன்னொரு பெண்

எனக்கு அவர் செய்ததிலேயே பெரிதாகப் படுவது சினிமாவில் செய்தது இல்லை. பெண் குழந்தை என்றால் பிறந்ததும் கொன்றுவிடுகிறார்கள் என்று கேள்விப்பட்டு மனம் பொறுக்காமல், ஒரு பெண் குழந்தையைத் தத்து எடுத்துத் தன் பெண்ணோடு பெண்ணாக வளர்த்தார் என்று அவர் வாழ்க்கையை எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

எங்கள் பக்கத்துப் பெண்களுக்கு இது சும்மா படித்துவிட்டுப் போகிற செய்தி இல்லை. 1986-ல் உசிலம்பட்டிச் சமாசாரம் பத்திரிகைகளில் வந்து நாடே திரும்பிப் பார்த்தது. அப்போது தேனி தனி ஜில்லா ஆகவில்லை, நாங்களும் மதுரை ஜில்லாதான். 1992-ல் சர்க்கார் தொட்டில் குழந்தைத் திட்டம் கொண்டுவந்தது. அதற்கெல்லாம் எத்தனையோ வருஷம் முன்னால், ‘ஊரான் வீட்டுப் பெண்’ என்று சொல்லாமல் தூக்கி வந்து வளர்த்திருக்கிறார் ஒரு நடிகை! குடும்பப் பெண், சினிமாக்காரி என்று நாம் பிரித்து வைத்திருக்கிறோமே, அதில் இவரை எந்தப் பக்கம் நிறுத்துவது?

நமக்கு என்ன பாடம்?

ஒன்று: சம்பாதிக்கிற பெண், தொழிலில் போடும் பணம் வேறு, குடியிருக்கும் வீடு வேறு என்று பிரித்து வைக்க வேண்டும். மகளிர் குழுவில் கடன் வாங்கி மாடு வாங்கினாலும் சரி, தோட்டம் குத்தகைக்கு எடுத்தாலும் சரி, வீட்டுப் பத்திரத்தை ஈடு வைக்காதீர்கள். உங்கள் பேரில் ஒரு பாஸ் புத்தகம் இருக்கட்டும்.

இரண்டு: பெண் வெளியே போய் ஒரு கலை கற்கக் கேட்டால், “வேண்டாம்” என்பதற்கு முன்னால் விசாரியுங்கள். யார் நடத்துகிறார்கள், எங்கே தங்குவது, கூட வேறு பெண்கள் உண்டா, ராத்திரி எப்படித் திரும்புவது, சம்பளம் கொடுத்தால் யார் கையில் கொடுப்பார்கள். இத்தனையும் கேட்பது தாயின் உரிமை. ஊர் என்ன சொல்லும் என்பதைக் கடைசியாகக் கேட்டால் போதும்.

மூன்று: ‘காளிதாஸ்’ படத்தின் பிரதி இன்று இல்லை. அந்தக் காலத்து பிலிம் சீக்கிரம் மக்கிப் போகும், தீப்பிடிக்கும். பத்திரப்படுத்த வேண்டும் என்று அப்போது யாருக்கும் தோன்றவில்லை. பாட்டுப் புத்தகமும் போட்டோவும்தான் மிச்சம். முதல் குரலையே தொலைத்துவிட்டோம்.

நம் வீட்டிலாவது அப்படி நடக்க வேண்டாம். பரணில் பாட்டிமார் போட்டோக்கள் கிடக்குமே, எடுங்கள். ஈரம் படாத இடத்தில், வெயில் நேராக விழாமல் வையுங்கள். கிழிந்ததைச் செல்லோடேப் போட்டு ஒட்டாதீர்கள், பசை ஊறிக் கறை பிடிக்கும். ஒவ்வொன்றுக்கும் நடுவில் வெள்ளைக் காகிதம் வைத்து அட்டைப் பெட்டியில் அடுக்குங்கள். பின்பக்கம் பேனாவால் அழுத்தி எழுதாமல் பென்சிலால் மெதுவாகப் பெயர், ஊர், வருஷம் குறித்து வையுங்கள். பாட்டி இருக்கும்போதே கேட்டு எழுதினால்தான் உண்டு.

அப்படியே இன்னொன்றும் கேளுங்கள். “நீ முதல்ல பாத்த படம் எது? எந்தக் கொட்டகை? யார் கூட்டிட்டுப் போனா?” என்று. பதில் என்ன வந்தது என்று எனக்கு எழுதுங்கள். நல்லதாகத் தேர்ந்து பிறகு ஒரு இதழில் சேர்க்கிறேன்.

அடுத்த இதழில், மழைக்கால இருமலுக்குத் தூதுவளை ரசம் வைக்கும் பக்குவத்தோடு சந்திப்போம்.